கரும்பை நீட்டினால் தும்பிக்கை வரும்

டாப்ஸ்லிப்பில் இருந்து வனத்துறை வண்டியில் கோழிகமுத்தி யானை முகாமுக்கு வருகிறவர்கள், யானைகள் வரிசையாக நின்று கவளம் வாங்குவதைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவார்கள். அதற்கு முந்தைய கூத்தைப் பார்க்க எனக்கு வாய்த்துவிட்டது! வாங்க, சத்தம் போடாமல் பின்பக்கமாக நுழைவோம்.

முதலில் சமையற்கூடம். விறகுப் புகை கண்ணைக் கரிக்கிறது. ராகிக் களியும் வெந்த கொள்ளும் ஆவி பறக்கக் குவிந்து கிடக்கின்றன. மூலையில் வெல்ல மூட்டை, காலில் இடறும் வாளிகள், ஆணியில் தொங்கும் காக்கிச் சட்டைகள். பாகன்கள் வியர்வை சொட்டச் சொட்டக் களியை உருட்டுகிறார்கள். ஓர் உருண்டைக்குள் மாத்திரையைப் புதைத்தவர் என்னைப் பார்த்துக் கண்ணடித்தார். “கண்டுபுடிச்சிட்டான்னா களியத் தின்னுபோட்டு மாத்திரையை மட்டும் துப்பிப்போடுவானுங்க!” கூடம் முழுக்கச் சிரிப்பு.

அதோ வர்றான் பாருங்க, நம்ம சின்னத்தம்பி! கோயமுத்தூர்க்காரர்களுக்கு இவனை அறிமுகப்படுத்தவே வேண்டாம். தடாகம் பக்கத்துத் தோட்டங்களில் காட்டு யானையாகச் சுற்றியவனை 2019 ஜனவரி 25 அன்று பிடித்து, கழுத்தில் ரேடியோ காலர் மாட்டி, டாப்ஸ்லிப் காட்டில் விட்டார்கள். ஐயா இருந்தாரா? ஒரு வாரத்துக்குள் காட்டை விட்டு இறங்கி, உடுமலைப் பக்கம் கரும்புக்காட்டில் போய் நின்றுகொண்டார். ஊரே திரண்டு வேடிக்கை பார்க்க, அவர் பாட்டுக்கு மென்றுகொண்டிருந்தார். பிப்ரவரி 15 அன்று கண்ணாடிப்புத்தூரில் கலீம், சுயம்பு என்ற பழக்கிய கும்கி யானைகளின் துணையோடு மறுபடியும் பிடித்தார்கள். அவனைக் கும்கி ஆக்கிவிடாதீர்கள் என்று எத்தனை பேர் குரல் கொடுத்தோம்! அவன் போய்ச் சேர்ந்தது வரகளியாற்றில் உள்ள கரோல் என்ற மரக்கூண்டுக்கு.

கூண்டு என்றாலே எனக்கு வயிற்றைப் பிசையும். வரக்காப்பி டம்ளரோடு திண்ணையில் உட்கார்ந்து, உள்ளே என்னதான் நடக்கும் என்று கேட்டேன். இங்கே பாகன்கள் பெரும்பாலும் மலசர் பழங்குடியினர். அப்பன், பாட்டன் காலத்திலிருந்து யானையோடே வளர்ந்தவர்கள். “மொதல்ல ஒண்ணுமே பண்ண மாட்டமுங்க. சும்மா பக்கத்துல உக்காந்து பேசிட்டே இருப்போம்.”

என்ன பேச்சு? பேர் சொல்லிக் கூப்பிடுவது, ஊர்க்கதை, கொஞ்சல். மிரண்ட யானைக்கு முதலில் அந்தக் குரல் பழக வேண்டும். அப்புறம் கட்டை இடுக்கில் ஒரு துண்டுக் கரும்பு நீளும். யானை வராது. வந்தாலும் தும்பிக்கை நுனியால் வெடுக்கென்று பறித்துக்கொண்டு பின்வாங்கும். வீட்டுக்குப் புதிதாக வந்து கட்டிலுக்கடியில் பதுங்கும் பூனை மாதிரியேதான்! உற்றுப் பார்த்தால் வராது. நம் வேலையைப் பார்த்தால் தானாகக் கிட்டே வரும். கம்பும் சங்கிலியும் இந்தத் தொழிலில் இல்லாமல் இல்லை. ஆனால் பயத்தைக் கரைப்பது கரும்பும் குரலும்தான் என்பது எனக்கு இங்கே நன்றாகவே விளங்கியது. ஆடிக் கறக்கிற மாட்டை ஆடித்தானே கறக்க வேண்டும்?

ஒருநாள் பறிக்காமல் வாங்கும். இன்னொரு நாள் தும்பிக்கையைத் தொட விடும். கூண்டுக்கு வெளியே இருந்தே தண்ணீர் ஊற்றித் தேய்த்தால் சொகுசாக நிற்கும். இப்படியே மாதங்கள் ஓடும். கரோலில் இருந்து வெளியே வரும் நாளில் கும்கிகள் துணைக்கு நிற்கும்.

அந்தக் கும்கிகளிலும் ஒரு காலத்தில் மிரண்டு நின்றவை உண்டு. பெரியவர் கலீமும் காட்டில் பிடிபட்டவரே. 99 நடவடிக்கைகளில் பங்கெடுத்து, 60 வயதில், 2023 மார்ச் 7 அன்று வனத்துறையின் அணிவகுப்பு மரியாதையோடு ஓய்வு பெற்றார். பென்ஷன்காரரைப் பார்த்ததும் கையெடுத்துக் கும்பிட்டேன்!

ஓடைப் பக்கம் ஒரே ரகளை. ஒரு யானை தண்ணீரில் ஒருக்களித்துப் படுத்திருக்க, இடுப்பளவு நனைந்த பாகன் அதன் காதுக்குப் பின்னால் பரபரவென்று தேய்க்கிறார். “எந்திரிடா சாமி, போதும்!” சாமி எழுந்திருக்கவில்லை, தும்பிக்கையால் தண்ணீரை வாரி என்மீதும் ஒரு வீச்சு வீசியது. நோட்டுப் புத்தகம் நனைந்து ஊறிப்போனது, போகட்டும். பாகன் இன்னொரு குரல் கொடுத்ததும் முன்னங்காலைத் தூக்கி அவர் தொடையில் வைத்தது பாருங்கள்! அவர் குனிந்து ஒவ்வொரு நகமாகத் தடவிப் பார்க்கிறார், இடுக்கில் சிக்கிய கல்லை விரலால் நெம்பி எடுக்கிறார். அடுத்த கால்.