இரவல் குரல் வேண்டாத நாயகன்

மலாயாத் திரையும் நம்மவரும் – 6

நோன்புப் பெருநாள் விடுமுறையில் ஷா ஆலம் வீடுகளில் தொலைக்காட்சியைத் திறந்தால், ஏதாவதொரு அலைவரிசையில் பி. ரம்லி வந்துவிடுவார். அறுபது ஆண்டுக்கு முந்தைய கறுப்பு வெள்ளைப் படம்தான். பேரப்பிள்ளைகளும் உட்கார்ந்து சிரிப்பார்கள். நடிகர், இயக்குநர், இசையமைப்பாளர் என்று அவரை அடுக்கிச் சொல்வது வழக்கம். என் கணக்கில் வரிசை வேறு. ரம்லி முதலில் பாட்டுக்காரர். நடிப்பு பாட்டைப் பிடித்துக்கொண்டு வந்தது. அந்தக் கதையில் ஒரு தமிழருக்கும் பங்குண்டு.

1929 மார்ச் 22-ல் பினாங்கில் பிறந்தவர் ரம்லி. தந்தை அச்சேயிலிருந்து வந்த மாலுமி. 1948-ல் புக்கிட் மெர்தாஜாமில் அவர் பாடியதைக் கேட்ட இயக்குநர் பி.எஸ். ராஜ்ஹன்ஸ், சிங்கப்பூருக்கு வரச் சொன்னார். அங்கே ஜாலான் அம்பாஸில் ஷா சகோதரர்களின் ஸ்டூடியோ. இயக்குநர்களில் பலர் இந்தியாவிலிருந்து வந்தவர்கள். பாட்டும் கண்ணீரும் கலந்த நம்மூர்ப் பாணியை மலாய்ப் படத்துக்குக் கொண்டுவந்தவர்களும் அவர்களே. முதல் படமான 'சிந்தா'வில் ரம்லிக்கு வில்லன் வேடம். ஆனால் நாயகன் ரூமாய் நூருக்குப் பின்னணி பாடியதும் அவர்தான். நாயகியை மிரட்டியவரும் உருகிப் பாடியவரும் ஒரே ஆள்!

இந்த வேடிக்கைக்கு முடிவு கட்டியவர், மெட்ராஸில் பிறந்து பினாங்கில் வளர்ந்த எல். கிருஷ்ணன். 1950-ல் அவர் இயக்கிய 'பக்தி'யில் ரம்லி நாயகனானார். தன் பாட்டைத் தானே பாடினார். அதே காலத்தில் தமிழ்த் திரையில் நடந்தது நேர்மாறு. தியாகராஜ பாகவதரைப் போல பாடி நடித்தவர்களின் காலம் மங்கி, பின்னணிப் பாடகர்களின் காலம் பிறந்துகொண்டிருந்தது.

குரலும் முகமும் ஒன்றானபின் ரம்லிக்குத் தடையில்லை. 1955-ல் 'பெனாரெக் பெச்சா' மூலம் இயக்குநரானார். பனி மஜும்தாரின் 'ஹங் துவா'வுக்கு அமைத்த இசை 1956 ஹாங்காங் ஆசியத் திரைப்பட விழாவில் விருது பெற்றது. மறு ஆண்டு டோக்கியோவில் சிறந்த நடிகர் விருது, 'அனாக்கு சஸாலி'க்காக. அதில் வயலின் வாசிக்கும் தந்தையும் அவரே, தறுதலை மகனும் அவரே.

அவர் இயக்கிய படங்களில் நான் முதலில் வைப்பது 1962-ன் 'இபு மெர்த்துவாக்கு'. சாக்சபோன் கலைஞன் காசிம் செலாமட்டைப் பணக்கார மாமியார் வெறுக்க ஒரே காரணம், அவன் வாத்தியக்காரன் என்பதுதான். பார்வை இழந்து மீண்டும் பெற்றவன், தன் மனைவி வேறொருவருக்கு வாழ்க்கைப்பட்டதை அறிந்ததும் முள்கரண்டியால் கண்களைக் குத்திக்கொள்கிறான். கலைஞனுக்குச் சபையில் கைதட்டல், சம்பந்தம் பேசப் போனால் ஏளனம். நம் நாயனக்காரர்களுக்குப் பழகிய அவமதிப்பு இது.

1964-ல் ரம்லி கோலாலம்பூருக்கு வந்து, உலு கிள்ளான் மெர்டேக்கா ஸ்டூடியோவில் சேர்ந்தார். ஜாலான் அம்பாஸின் வசதியும் கூட்டாளிகளும் இங்கே இல்லை. இளைஞர்களின் காது கிதார்க் குழுக்களின் பக்கம் திரும்பியிருந்தது. 1972-ல் 'லக்சமானா டோ ரே மி' கடைசிப் படம். 1973 மே 29-ல் மாரடைப்பு, வயது 44.

மரியாதைகள் பிறகு வரிசையாக வந்தன. 1982-ல் ஜாலான் பேரி, ஜாலான் பி. ரம்லி ஆனது. 1986-ல் செத்தாப்பாக் வீடு நினைவகமானது. 1990-ல் டான் ஸ்ரீ பட்டம். உயிரோடிருந்த கடைசி ஆண்டுகளில் அவர் கேட்டிருக்கக்கூடியது, பட்டமல்ல. நல்ல வாத்தியக்குழுவும் இன்னொரு படமும்தான்.

(அடுத்த வாரம்: எல். கிருஷ்ணன்)