ரவி வர்மா என்னும் உருவப்பட ஓவியர்

ரவி வர்மா (29 ஏப்ரல் 1848 – 2 அக்டோபர் 1906) திருவிதாங்கூர் நாட்டின் கிளிமானூரில் பிறந்த ஓவியர். தாமரையில் நிற்கும் லட்சுமி, வீணை ஏந்திய சரஸ்வதி ஆகிய அச்சுப் படங்களால் இவர் பெயர் பரவியது. இவர் யாரென்று அறியாத வீடுகளிலும் அப்படங்களோ அவற்றைப் பார்த்து வரைந்த நாட்காட்டிப் படங்களோ மாட்டப்பட்டிருக்கும். ஆனால் அச்சகம் தொடங்கியது 1894இல்தான். அதற்கு முன் ஏறத்தாழ கால் நூற்றாண்டுக் காலம் இவருக்குச் சோறு போட்டது மனித முகங்களை வரையும் தொழிலே.

பின்னணி

தஞ்சாவூர் பாணி ஓவியத்தில் அரசரை அடையாளம் காட்டுவது பெரும்பாலும் தலைப்பாகை, நகை, அமர்ந்த ஆசனம் ஆகியவைதாம். அதில் முகச்சாயலுக்கு இரண்டாம் இடமே. ஐரோப்பிய முறையில் முகமே முதன்மை. 1769இல் சென்னைக்கு வந்த டில்லி கெட்டில் என்ற ஆங்கில ஓவியர் ஆற்காட்டு நவாப் முகம்மது அலியை வரைந்தார். அவரைத் தொடர்ந்து வந்த ஐரோப்பிய ஓவியர்கள் பலர் அரண்மனைகளில் நல்ல ஊதியம் பெற்றனர். நூறு ஆண்டுகள் கழித்தும் நிலைமை அதிகம் மாறவில்லை.

இதற்குக் காரணம் வண்ணத்தில் இருக்கிறது. நீரில் கரைத்த வண்ணம் விரைவில் உலர்ந்துவிடும். ஆளிவிதை எண்ணெயில் குழைத்த வண்ணம் உலரப் பல நாள் ஆகும். அதனால் கன்னத்தின் வெளிச்சத்தையும் தாடையின் நிழலையும் ஒன்றோடொன்று மெல்ல இழைக்கலாம்; பிடிக்காவிட்டால் வழித்துவிட்டு மீண்டும் தீட்டலாம். பார்த்துத் தெரிந்துகொள்ளக்கூடிய வேலைதான். ஆனால் பார்க்கவிட ஆள் வேண்டுமே!

கற்ற விதம்

சிறுவனாக இருந்தபோது ரவி வர்மா கிளிமானூர் வீட்டுச் சுவரில் கரியால் கிறுக்கினார் என்பார்கள். தஞ்சாவூர் பாணியில் வரையத் தெரிந்த தாய்மாமன் ராஜ ராஜ வர்மா, திட்டாமல் கற்றுக்கொடுத்தார். 1862இல் பதினான்கு வயது மருமகனைத் திருவனந்தபுரத்துக்கு அழைத்துச் சென்று ஆயில்யம் திருநாள் மகாராஜாவிடம் விட்டவரும் அவரே.

அங்கே எண்ணெய் வண்ணம் அறிந்த அரண்மனை ஓவியர் மதுரையைச் சேர்ந்த ராமசாமி நாயக்கர். அவர் கற்றுத்தர மறுத்துவிட்டார். பிற்காலத்தில் எழுதியவர்கள் அவரைப் பொறாமைக்காரராகவே காட்டுகிறார்கள். தொழில் நுணுக்கத்தைக் குடும்பத்துக்கு வெளியே விடாமல் காப்பது அக்காலக் கைவினைஞரின் வழக்கம். வயிற்றுப்பாடும் அதில்தான் இருந்தது. அதையும் சேர்த்துத்தான் அவரைப் பார்க்கவேண்டும் என்று தோன்றுகிறது. அவருடைய மாணவர் ஆறுமுகம் பிள்ளை ஆசிரியருக்குத் தெரியாமல் வந்து சிலவற்றைச் சொல்லிக்கொடுத்தார் என்று வாழ்க்கை வரலாறுகள் கூறுகின்றன. பெரிய ஓவியர்களின் வரிசையில் ஆறுமுகம் பிள்ளைக்கு இடமில்லை. இந்த உதவியால்தான் அவர் பெயர் தங்கியது.

1868இல் மகாராஜாவின் படத்தை வரையத் தியோடர் ஜென்சன் வந்தார். இவரைச் சிலர் டச்சுக்காரர் என்றும், சிலர் டென்மார்க்கில் பிறந்த பிரித்தானியர் என்றும் எழுதுகின்றனர். அவரும் பாடம் நடத்தவில்லை. அருகே நின்று பார்க்க மட்டும் அனுமதித்தார். எந்த வண்ணத்தை முதலில் பூசுகிறார், எதை எப்போது உலரவிடுகிறார் என்பதைக் கண்ணால் படித்துக்கொண்டதே இருபது வயது ரவி வர்மாவுக்குக் கிடைத்த மேலைநாட்டுப் பயிற்சி.

தொழில்

1870இல் கோழிக்கோட்டில் நீதித்துறையில் இருந்த கிழக்கே பாலாட்டு கிருஷ்ண மேனோனின் குடும்பத்தை வரைந்தது, ஊதியம் பெற்று எடுத்த முதல் வேலை. 1873இல் சென்னை ஓவியக் கண்காட்சியில், கூந்தலில் பூச்சூடும் நாயர் பெண்ணின் படத்துக்கு ஆளுநரின் தங்கப் பதக்கம் கிடைத்தது. அப்படம் அதே ஆண்டு வியன்னா கண்காட்சியிலும் பரிசு பெற்றது. அடுத்த ஆண்டு சென்னையில் பரிசு பெற்றது தமிழ்ப் பெண் ஒருத்தி இசைக்கருவி வாசிக்கும் படம்.

சென்னை ஆளுநர் பக்கிங்காம் பிரபு சகுந்தலை கடிதம் எழுதும் ஓவியத்தை 1876இல் வாங்கினார். 1878இல் தம்மையே வரையச் சொன்னார். ஆங்கில ஆளுநர் இந்தியர் ஒருவர் முன் படத்துக்கு அமர்ந்தார் என்ற செய்தி மற்ற அரண்மனைகளின் கதவைத் திறந்தது. கும்பகோணத்தில் பிறந்தவரும், திருவிதாங்கூரிலும் பின்னர் பரோடாவிலும் திவானாக இருந்தவருமான தி. மாதவ ராவின் மூலம் 1881இல் பரோடா சென்றார். பிறகு மைசூர் சென்றார். 1901இல் உதய்ப்பூர் போனபோது, முந்நூறு ஆண்டுகளுக்கு முன் மறைந்த ராணா பிரதாப்பையும் வரையவேண்டியிருந்தது!

இவ்வளவு வேலையையும் ஒருவர் செய்திருக்க முடியாது. தம்பி சி. ராஜ ராஜ வர்மா உடன் பயணித்து, பின்னணிக் காட்சிகள் பலவற்றைத் தீட்டினார்; நாட்குறிப்பும் எழுதினார். முகச்சாயலுக்குப் புகைப்படங்களையும் பயன்படுத்தினர். இதைக் குறையாகச் சொல்பவர்கள் உண்டு. மணிக்கணக்கில் அசையாமல் அமர நேரமில்லாத அரசரை வேறெப்படி வரைவது?

அச்சகம்

படங்களை அச்சிட்டால் எல்லோருக்கும் போய்ச் சேரும் என்று 1884இலேயே யோசனை சொன்னவரும் மாதவ ராவ்தான். பத்தாண்டு கழித்துப் பம்பாயில் அச்சகம் எழுந்தது. பின்னர் லோனாவாலா அருகே மளவலிக்கு மாறியது. புகழ் வந்தது, கடனும் வந்தது. முடிவில் அங்கே பணிபுரிந்த ஜெர்மானியர் ஃபிரிட்ஸ் ஷ்லைக்கரிடம் அச்சகத்தை விற்றுவிட்டனர். ரவி வர்மா மறுபடி தூரிகையோடு அரண்மனை அரண்மனையாகப் போனார்.

இறுதிக்காலம்

1904இல் கைசர்-இ-ஹிந்த் பதக்கம் வழங்கப்பட்டபோது பெயருக்கு முன் 'ராஜா' சேர்ந்தது. அவர் எந்த நாட்டையும் ஆண்டவர் அல்லர். 1905 தொடக்கத்தில் தம்பி இறந்தார். அடுத்த ஆண்டு கிளிமானூரில் 58ஆம் வயதில் இவரும் மறைந்தார்.

1979இல் இந்திய அரசு இவருடைய ஓவியங்களைத் தேசியக் கலைச்செல்வமாக அறிவித்தது. அவற்றை வெளிநாட்டுக்கு ஏற்றுமதி செய்ய முடியாது. மூல ஓவியங்களைத் திருவனந்தபுரத்திலும் சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்திலும் பார்க்கலாம். நாட்காட்டியில் பார்த்துப் பழகியவர்கள் அங்கே போகும்போது, தெய்வங்களைத் தாண்டி, பெயர் அதிகம் அறியப்படாத மனிதர்களின் முகங்களுக்கு முன்பும் சற்று நிற்கவேண்டும்.