போலீஸ் பாதுகாப்பு கேட்கிறதுக்கு முன்னாடி

பட்டா எபிசோடுக்கு அப்புறம் நிறைய பேர் கேட்டது ஒரே கேள்விதான்: "இடம் எங்களோடது, பக்கத்து வீட்டுக்காரர் சுவர் கட்ட விடமாட்டேங்கிறார். ஹைகோர்ட்ல போலீஸ் பாதுகாப்பு வாங்கலாமா?"

நான் வக்கீல் இல்லை. ஆனா எங்க சித்திக்காக ஒன்றரை வருஷம் கோர்ட் வாசலில் நின்ற அனுபவம் இருக்கு. சித்தப்பா இறந்த பிறகு, அவர் வாங்கிப்போட்ட மனைக்கு சித்தி காம்பவுண்டு கட்டினாங்க. ராத்திரியோட ராத்திரியா இடிச்சுட்டாங்க. ஸ்டேஷன்ல சொன்ன பதில் உங்களுக்கே தெரியும்: "இது சிவில் மேட்டர்மா."

அது பாதி உண்மைதான். இடம் யாருடையதுங்கிறது சிவில். கட்டின சுவரை இடிக்கிறது சொத்துக்குச் சேதம். பாரதிய நியாய சன்ஹிதா 324-வது பிரிவுல குற்றம். அதனால புகாரை எழுதிக் கொடுத்து, குறைஞ்சது சி.எஸ்.ஆர். ரசீதாவது வாங்கிடுங்க. பின்னாடி அந்தத் துண்டுச்சீட்டுதான் பேசும்.

அடுத்து சித்தி நேரா ஹைகோர்ட் போகணும்னாங்க. வக்கீல் வேண்டாம்னார். முரளிதரன் எதிர் சுவாமி தர்மானந்த தீர்த்தபாதர் வழக்குல 2006-லேயே சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாக்கிடுச்சு. சிவில் கோர்ட் இடைக்காலமாகவாவது ஒரு உரிமையை முடிவு செஞ்சிருந்தா, அதைக் காப்பாத்தத்தான் ரிட் மூலமா போலீஸ் பாதுகாப்பு. யாருக்கு உரிமைன்னே தீராத இடத்துல கிடையாது. யோசிச்சுப் பாருங்க, ரெண்டு பேரும் "என் இடம்"னு சொல்றப்போ ஒருத்தர் பக்கம் போலீஸ் நின்னா, தீர்ப்பு சொன்னது இன்ஸ்பெக்டர்னு ஆயிடும்.

அதனால முதல் படி முன்சீப் கோர்ட். நிரந்தரத் தடை கேட்டு வழக்கு, கூடவே சிவில் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 39, விதி 1, 2-ன் கீழ் இடைக்கால மனு. இதுல கோர்ட் முக்கியமா பார்க்கிறது, இன்னிக்கு இடம் யார் அனுபவத்துல இருக்குன்னு. பத்திரம், பட்டா, வரி ரசீது, ஃபோட்டோ எல்லாம் அதுக்குத்தான். எதிர்த்தரப்பு ஏற்கெனவே ஏதாவது கேஸ் போட்டிருந்தா மறைக்காதீங்க. அது வெளியே வந்தா கிடைச்ச தடையும் போயிடும்.

நாங்க மாட்டினது இங்கதான். முதல்ல வந்த உத்தரவு "ஸ்டேட்டஸ் கோ". சித்தி தெருவுக்கே லட்டு கொடுத்தாங்க. வக்கீல் மட்டும் சிரிக்கலை. "அம்மா, இருக்கிற நிலை அப்படியே இருக்கணும்னு அர்த்தம். அவங்களும் வரக்கூடாது, நீங்களும் சுவர் கட்டக்கூடாது." இடிஞ்ச சுவர் இடிஞ்சபடியே! அந்தக் காகிதத்தை வச்சு சுவர் கட்ட எந்தப் போலீஸையும் கூப்பிட முடியாது. அட்வகேட் கமிஷனர் வந்து இடத்தைப் பார்த்து அறிக்கை கொடுத்து, வாதம் முடிஞ்சு, "மனுதாரரின் அனுபவத்தில் எதிர்மனுதாரர் தலையிடக்கூடாது"ன்னு வரி வர ஏழு மாசம். உத்தரவு கையில வந்ததும் தலைப்பைப் பார்க்காதீங்க, கடைசிப் பத்தியைப் படிங்க.

அதுக்கப்புறமும் ஆள் வந்து கொத்தனாரை விரட்டினாங்க. அப்போதான் அதே கோர்ட்ல, பிரிவு 151-ன் கீழ் போலீஸ் உதவி கேட்டு மனு போட்டோம். உத்தரவு மீறப்பட்டதுக்குப் புது ஃபோட்டோ, தேதி, புது சி.எஸ்.ஆர். வேணும், பழைய சண்டையை வச்சு கேட்டா நிக்காது. மீறினவங்களைத் தண்டிக்க விதி 2ஏ தனியா இருக்கு: சொத்து ஜப்தி, 3 மாசம் வரை சிவில் சிறை. இவ்வளவும் கையில் இருந்தும் போலீஸ் வரலைன்னா, அப்போ ஹைகோர்ட் போகலாம்.

பாதுகாப்புன்னதும் வாசல்ல நாள் பூரா போலீஸ் நிக்கும்னு சித்தி நினைச்சாங்க. வந்தது வேலை நடந்த மூணு நாளும், ரெண்டு கான்ஸ்டபிள். அவங்களுக்கும் சேர்த்து சித்தியே டீ போட்டாங்க. அசல் வழக்கு இன்னும் நடக்குது. அடுத்த வாய்தா ஜூன்ல.