ஆறுதல் தேடிய எழுத்தாளர்

'ஏழை சொல் அம்பலம் ஏறாது' என்பார்கள். யுத்தத்தில் தோற்ற தேசத்து ஏழையின் சொல்லை யார் கேட்பார்? 1946-ம் வருஷம் இலையுதிர் காலத்தில் ஒரு வாலிபர் கேட்டார். அவர் ஸ்வீடன் தேசத்து எழுத்தாளர் ஸ்டிக் டாகர்மன். அப்போது வயது 23.

'எக்ஸ்பிரஸன்' பத்திரிகையின் சார்பில் அவர் ஜெர்மனிக்குச் சென்றார். குண்டுவீச்சில் இடிந்த நகரங்களில், தண்ணீர் தேங்கிய நிலவறைகளில் குடும்பங்கள் வசித்து வந்தன. அந்நிய நிருபர்கள் அவர்களிடம், "ஹிட்லர் காலத்தில் இதைவிட நன்றாக இருந்தீர்களா?" என்று வினவினார்கள். 'ஆம்' என்றதும், இவர்கள் இன்னும் நாஜிகளே என்று தீர்மானித்தார்கள். பசித்தவனிடம் அரசியல் பரீட்சை நடத்துவதை டாகர்மன் கண்டித்தார். அவர் நாஜிகளை வெறுத்தவர். அவருடைய முதல் மனைவியே ஜெர்மனியிலிருந்து வந்த அகதி. ஆயினும், தகுந்த தண்டனையோ தகாததோ, துன்பம் துன்பமே என்று 1947-ல் வெளியான 'ஜெர்மன் இலையுதிர் காலம்' என்ற நூலில் எடுத்துரைத்தார்.

துன்பத்தை அவர் இளமையிலேயே அறிந்தவர். 1923-ல் எல்வ்கார்லபி என்னும் ஊரில் பிறந்த குழந்தையைத் தாய் விட்டுச் சென்றாள். தந்தையின் பெற்றோரே பண்ணை வீட்டில் வளர்த்தனர். 1940-ல் அந்தப் பாட்டனாரைச் சித்தசுவாதீனம் இழந்த ஒருவன் குத்திக் கொன்றுவிட்டான்.

1945 முதல் 1949 வரை நான்கு நாவல்களும், சிறுகதைகளும், நாடகங்களும் வெள்ளமெனப் பெருகின. பிறகு பேனா ஓடவில்லை. மனச்சோர்வு அவரை வாட்டியது. மனிதனின் ஆறுதல் தாகம் தணியாதது என்பதைப் பற்றி 1952-ல் ஒரு சிறு கட்டுரை எழுதினார். அது பல பாஷைகளில் இன்றும் வாசிக்கப்படுகிறது. 1954 நவம்பர் 4-ந் தேதி, 31-வது வயதில், தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார்.

மறுநாள் 'அர்பேட்டாரன்' என்ற தொழிலாளர் பத்திரிகையில் அவருடைய கடைசிப் பாட்டு வெளியாயிற்று. உதவிப் பணம் பெறும் ஏழைகள் நாய் வளர்க்கலாமா என்று முணுமுணுத்தவர்களை அது ஏளனம் செய்தது. தமக்கு ஆறுதல் காணாத மனிதர், ஏழையின் ஒரே துணையான நாய்க்காக வாதாடினார்!

1996 முதல் அவர் பெயரால் ஒரு பரிசு வழங்கப்பட்டு வருகிறது. அதைப் பெற்ற பிரெஞ்சு எழுத்தாளர் லெ கிளெஸியோ, 2008-ல் நோபல் பரிசு பெற்றபோது தம் பேருரையில் டாகர்மனை நினைவுகூர்ந்தார்.

டாகர்மனின் முடிவை நாம் போற்றவில்லை, அதற்காக வருந்துகிறோம். அவருடைய நெஞ்சையோ போற்றுகிறோம். நண்பனின் பசிக்கு இரங்குவது எவர்க்கும் எளிது. பகைவனின் குழந்தை பசித்திருக்கும்போது, அதன் தகப்பன் எந்தக் கட்சி என்று கேளாமல் இரங்குவதே பண்பு. அதை 23 வயதில் உணர்ந்து எழுதியவரை உலகம் எளிதில் மறவாது.