காசோலைக் குற்ற வழக்குகளில் இணக்கத் தீர்வு: காலமும் வடிவமும்

முன்னுரை

1881ஆம் ஆண்டின் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 138ஆம் பிரிவு சேர்க்கப்பட்டு, 1989 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அன்றுமுதல், கடனைத் தீர்க்கக் கொடுத்த காசோலை கணக்கில் போதிய பணமின்றித் திரும்புவது இந்தியாவில் குற்றமாயிற்று. அதற்கு இன்று இரண்டாண்டுவரை சிறையோ, காசோலைத் தொகையின் இருமடங்குவரை அபராதமோ, இவ்விரண்டுமோ விதிக்கலாம். எனினும் முறையீட்டாளர் நாடுவது பெரும்பாலும் தண்டனையன்று. தமக்கு வரவேண்டிய பணமே. ஆகவே இவ்வழக்குகளில் சமரசம் இயல்பாக எழுகின்றது. அது எக்காலத்தில், எவ்வடிவில் அமைய வேண்டும் என்பதை இக்கட்டுரை விளக்குகின்றது.

காலம்

சமரசத்திற்கான முதல் வாய்ப்பு வழக்கிற்கு முன்பே உள்ளது. காசோலை திரும்பிய செய்தியை வங்கியிடமிருந்து பெற்ற 30 நாள்களுக்குள் முறையீட்டாளர் அறிவிப்பு அனுப்ப வேண்டும். அது கிடைத்த 15 நாள்களுக்குள் பணத்தைச் செலுத்திவிட்டால் வழக்கிற்கே இடமில்லை.

வழக்கு தொடங்கிய பின் துணைநிற்பது, 2002ஆம் ஆண்டுத் திருத்தத்தால் வந்த 147ஆம் பிரிவு. இச்சட்டத்தின் கீழ்வரும் எல்லாக் குற்றங்களையும் இணக்கமாகத் தீர்த்துக்கொள்ள அது இடமளிக்கின்றது. எந்தக் கட்டத்தில் என்று வரையறுக்கவில்லை. இதனால் மேல்முறையீடுவரை காலம் கடத்திவிட்டு இறுதியில் சமரசம் கோரும் போக்கு வளர்ந்தது. அதைக் கட்டுப்படுத்த, தாமோதர் பிரபு வழக்கில் (2010) உச்ச நீதிமன்றம் படிநிலைச் செலவுத்தொகையை வகுத்தது. சஞ்சபிஜ் தாரி வழக்கில் (2025) அது குறைக்கப்பட்டது. அதன்படி எதிர்த்தரப்புச் சாட்சியம் பதிவாகும் முன் செலவுத்தொகை இல்லை; அதன்பின் தீர்ப்புக்கு முன் 5 விழுக்காடு; அமர்வு நீதிமன்றத்திலும் உயர் நீதிமன்றத்திலும் 7.5, உச்ச நீதிமன்றத்தில் 10. ஐந்து இலட்சம் ரூபாய்க் காசோலையாயின் உயர் நீதிமன்றத்தில் இணங்குபவர் கூடுதலாக 37,500 ரூபாய் செலுத்த நேரும்.

வடிவம்

முறையீட்டாளருக்கு உண்மையான இடர் வடிவத்திலேயே உள்ளது. இணக்கம் பதிவானவுடன் குற்றஞ்சாட்டப்பட்டவர் விடுதலை செய்யப்பட்டவராவார். தவணைப் பணம் பின்னர் வராவிடின் அவ்வழக்கு தானாக உயிர்பெறாது.

தனி உடன்படிக்கையின் நிலையை ஜிம்பெக்ஸ் வழக்கு (2021) தெளிவாக்கியது. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற அவ்வழக்கில், உடன்படிக்கை எழுதப்பட்டபின் பழைய முறையீட்டைத் தொடர இயலாது என உச்ச நீதிமன்றம் கூறியது. உடன்படிக்கையின்படி கொடுத்த புதிய காசோலையும் திரும்பினால், அதன்மேல் புதிதாகவே வழக்குத் தொடர வேண்டும். அதாவது, அறிவிப்பு முதல் எல்லாம் மீண்டும் தொடங்கும்.

மக்கள் நீதிமன்றத்தில் எட்டப்படும் தீர்வு இவ்வகையில் வலுவானது. குற்றவியல் நீதிமன்றம் அனுப்பிய காசோலை வழக்கில் அங்குப் பிறப்பிக்கப்படும் தீர்வு, உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்கு நிகரானது என்று கோவிந்தன் குட்டி மேனன் வழக்கு (2011) நிறுவியது. பணம் வராவிடின் நிறைவேற்று மனு வாயிலாகச் சொத்தை நேரே பற்றுகை செய்யக் கோரலாம். புதிய வழக்குத் தேவையில்லை.

முடிவுரை

முன்கூட்டியே இணங்குதல் காசோலை கொடுத்தவருக்கு நன்மை. தக்க வடிவில் இணங்குதல் பணம் பெறவேண்டியவருக்குப் பாதுகாப்பு. முழுத்தொகையும் ஒருங்கே கைக்கு வருமாயின் எவ்வடிவமும் போதும். தவணையாக வருமாயின், இறுதித் தவணை சேரும்வரை வழக்கை முடிக்காதிருத்தலோ, மக்கள் நீதிமன்றத் தீர்வாகப் பதிவு செய்தலோ தக்கது. வெள்ளைத்தாளில் எழுதிய வாக்குறுதியை மட்டும் நம்பி வழக்கைக் கைவிடுபவர், திரும்பிய ஒரு காசோலைக்கு மாற்றாக மற்றொன்றைப் பெற்றவராகவே எஞ்சக்கூடும்.