உங்களுக்குத் தெரியுமா? வாக்குச்சீட்டும் வாக்குமூலமும்

★ இனப்படுகொலையைச் சர்வதேசக் குற்றமாக்கும் சாசனத்தை ஐக்கிய நாடுகள் சபை ஏற்றுக்கொண்ட நாள் 1948 டிசெம்பர் 9. மறுநாளே மனித உரிமைகள் பிரகடனம் வந்தது; ஒவ்வொருவருக்கும் ஒரு நாட்டின் பிரஜையாக இருக்கும் உரிமை உண்டு என்று அதன் 15ஆம் உறுப்புரை சொல்கிறது. இதற்கெல்லாம் ஒரு மாதத்துக்கும் குறைவான காலத்துக்கு முன்புதான், நவம்பர் 15ஆம் திகதி, இலங்கைப் பிரஜாவுரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. தோட்டங்களிலேயே பிறந்து வளர்ந்தவர்கள் உட்பட ஏறத்தாழ ஏழு இலட்சம் மலையகத் தமிழர் நாடற்றவர்களானார்கள். உலகம் ஒரு கதவைத் திறந்த அதே மாரிகாலத்தில் மலைநாட்டில் ஒரு கதவு சாத்தப்பட்டது. இலங்கை இனப்படுகொலைச் சாசனத்தில் இணைந்தது 1950 ஒக்டோபர் 12இல். அதற்கு முதல் வருடமே தோட்டத் தொழிலாளியின் வாக்குரிமையும் பறிபோயிருந்தது.

★ 1947 பொதுத் தேர்தலில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் ஏழு ஆசனங்களை வென்றது. நம் தலவாக்கலைத் தொகுதியில் வென்றவர் சி. வி. வேலுப்பிள்ளை, தோட்டத்தில் பிறந்த கவிஞர். நுவரெலியாவில் எஸ். தொண்டமான், கொட்டகலையில் கே. குமாரவேலு. 1952 தேர்தலில் அந்தக் கட்சிக்கு ஓர் ஆசனமும் இல்லை. வாக்களித்த மக்களின் பெயர்களை இடாப்பிலிருந்தே எடுத்துவிட்டால் ஆசனம் எங்கிருந்து வரும்?

★ பிரஜாவுரிமைக்கு விண்ணப்பிக்க 1949இல் வேறொரு சட்டம் வந்தது. திருமணமானவர் ஏழு வருடமும் ஆகாதவர் பத்து வருடமும் தொடர்ந்து இந்த நாட்டில் வாழ்ந்ததாகக் காகிதத்தில் காட்ட வேண்டும். எட்டு இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்காக விண்ணப்பங்கள் போயின. கிடைத்தது சுமார் 1,34,000 பேருக்கு.

★ 1964 ஒக்டோபர் 30இல் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்த உடன்படிக்கையில் 9,75,000 பேர் பங்கு பிரிக்கப்பட்டார்கள். இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000. மிச்சம் 1,50,000 பேரை 1974இல் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். பிரிக்கப்பட்ட மக்களில் ஒருவரிடமும் கேட்கவில்லை. தலைமன்னாரில் கப்பலேறிப் போனவர்களுக்கு வேலை கொடுக்கவென்றே தமிழ்நாட்டு அரசு 1968இல் நீலகிரியில் தேயிலை பயிரிடத் தொடங்கியது. அதுதான் இன்றைய டேன்டீ. கோத்தகிரியிலும் கூடலூரிலும் அவர்கள் மறுபடியும் கொழுந்துதான் பறித்தார்கள்.

★ 1977ஆம் வருடத்தை மட்டும் தனியாக எடுத்துப் பாருங்கள். லிந்துலையிலிருந்து தலவாக்கலையைத் தாண்டி ஹட்டன் பக்கம் போனால் டெவன் தோட்டம். நுவரெலியா மாவட்டத்தில் 7,000 ஏக்கர் தோட்டக் காணியைப் பிரித்துப் பெரும்பான்மைக் கிராமத்தவர்களுக்குக் கொடுக்கும் திட்டத்தை எதிர்த்து மே 11ஆம் திகதி தொழிலாளர்கள் திரண்டார்கள். பொலிஸ் சுட்டது. சிவனு லெட்சுமணன் என்ற இளம் தொழிலாளி இறந்தார். காணிப் பங்கீடு நின்றது. இன்றும் அந்த மலைகளில் கொழுந்து பறிப்பவர்கள் அவருக்குக் கடன்பட்டவர்கள். ஜூலை 21இல் பொதுத் தேர்தல். நுவரெலியா–மஸ்கெலியா மூவங்கத்தவர் தொகுதியில் தொண்டமான் வென்றார். முப்பது வருடங்களுக்குப் பின் மலையகத் தமிழர் ஒருவர் மக்கள் வாக்கில் பாராளுமன்றம் போனார். ஊரெல்லாம் வெடி கொளுத்திய சந்தோஷம் ஒரு மாதம் நீடிக்கவில்லை. ஓகஸ்ட் நடுப்பகுதியில் நாடு முழுவதும் தமிழர்கள் தாக்கப்பட்டார்கள்; லயன் காம்பராக்கள் கொள்ளை போயின; சட்டி பானைகளோடு குடும்பங்கள் வவுனியா பஸ்களில் ஏறின. குண்டு, வாக்கு, நெருப்பு மூன்றும் நான்கு மாதத்துக்குள். வரலாற்றுப் பாடப்புத்தகத்தில் இந்த நான்கு மாதத்துக்கு ஒரு முழு அத்தியாயம் ஒதுக்கவேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

★ அந்த ஓகஸ்ட் வன்செயலை விசாரிக்க முன்னாள் பிரதம நீதியரசர் எம். சி. சன்சோனி தலைமையில் ஆணைக்குழு அமைந்தது. 1980இல் அறிக்கை வந்தது. 1982இல் பாராளுமன்றம் இன்னொரு சட்டம் நிறைவேற்றியது: 1977 ஓகஸ்ட் மாதத்தில் சட்டம் ஒழுங்கைக் காக்கவென்று நல்லெண்ணத்தோடு செய்த செயல்களுக்காக அமைச்சர் மீதோ அதிகாரி மீதோ வழக்குப் போட முடியாது. விசாரணை அறிக்கையும் விலக்களிப்புச் சட்டமும் இரண்டு வருட இடைவெளியில் ஒரே அரசாங்கத்திடமிருந்து வந்தன. அடுத்த வருடம் 1983 ஜூலை இன வன்முறை.

★ 1977இல் ஓடிப்போனவர்கள் எங்கே போனார்கள்? கட்டடக் கலைஞர் எஸ். ஏ. டேவிட்டும் டொக்டர் இராஜசுந்தரமும் நடத்திய காந்தியம் இயக்கம் வவுனியா எல்லைப்புறத்தில் அவர்களைக் குடியேற்றியது. கென்ற் பண்ணை, டொலர் பண்ணை என்ற பெயர்கள் வயதானவர்களுக்கு ஞாபகம் இருக்கும். இராஜசுந்தரம் 1983 ஜூலை 27இல் வெலிக்கடைச் சிறைக்குள் கொல்லப்பட்டார். 1984இல் மலையகக் குடும்பங்கள் பண்ணைகளிலிருந்து துரத்தப்பட்டு, அங்கே சிங்களக் கைதிகளும் அவர்களது குடும்பங்களும் கொண்டுவந்து விடப்பட்டார்கள். அந்த வருடம் நவம்பர் 30இல் விடுதலைப் புலிகள் புகுந்து அவர்களைக் கொன்றார்கள். இறந்தவர்களும் பெண்டு பிள்ளையோடு வாழ்ந்த ஏழைகள்தான். அவர்களையும் சேர்த்துச் சொல்லாத நல்லிணக்கக் கதை பாதிக் கதை.

★ கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் மலையக வம்சாவளிக் குடும்பங்கள் கணிசமாக வாழ்கின்றன. 1958, 1977, 1983 என்று ஒவ்வொரு அடிக்கும் கொஞ்சம் கொஞ்சமாகப் போனவர்கள். 2009இல் முள்ளிவாய்க்கால் வரை ஓடியவர்களில் அவர்களும் உண்டு. போரின் இறுதிக்கட்டத்தில் 40,000 பொதுமக்கள் வரை இறந்திருக்கலாம் என்று ஐ.நா. செயலாளர் நாயகத்தின் நிபுணர் குழு 2011இல் சொன்னது. நடந்தது இனப்படுகொலை என்று வடக்கு மாகாண சபை 2015 பெப்ரவரி 10இல் தீர்மானம் எடுத்தது. கனடாப் பாராளுமன்றம் 2022இல் மே 18ஐத் தமிழர் இனப்படுகொலை நினைவு நாளாக ஏற்றது. கொழும்பு இன்றுவரை மறுக்கிறது. இந்த விவாதத்தில் மலையகத்துக்குச் சம்பந்தமில்லை என்று நம்மவர்களே சிலர் சொல்வதுதான் எனக்குத் தாங்கமுடியாதது.

★ பிந்துனுவெவ. 2000 ஒக்டோபர் 25. பண்டாரவளைக்குப் பக்கத்துப் புனர்வாழ்வு முகாமுக்குள் கூட்டமாகப் புகுந்தவர்கள், 25க்கும் மேற்பட்ட தமிழ் இளைஞர்களை அடித்தும் வெட்டியும் எரித்தும் கொன்றார்கள். அறுபது பொலிசார் வரை அங்கே இருந்தார்கள். தலவாக்கலையும் ஹட்டனும் கொதித்தன. ஊரடங்குச் சட்டம் போடப்பட்டது. 41 பேர் மீது வழக்கு. 2003இல் ஐந்து பேருக்கு மரண தண்டனை. 2005 மே மாதம் முடிவதற்குள் மேன்முறையீட்டில் அனைவரும் விடுதலை.

★ 1981 முதல் 1984 வரையான இன வன்முறைகளை ஆராய முன்னாள் பிரதம நீதியரசர் சர்வானந்தா தலைமையில் உண்மை ஆணைக்குழு 2001இல் அமைந்தது. 2004 ஜூலையில் ஜனாதிபதி சந்திரிகா நாட்டின் பெயரால் மன்னிப்புக் கேட்டார். 1983 ஜூலை நடந்து 21 வருடம் கழித்தாவது கேட்டாரே என்று அதை மதிக்கிறேன்.

★ ருவாண்டாவும் தேயிலை விளையும் மலைநாடு. ‘ஆயிரம் மலைகளின் நாடு’ என்றே அதற்குப் பெயர். பின்னாளில் ஆட்சியைப் பிடித்த ருவாண்டா தேசபக்த முன்னணி போர்க்காலத்தில் தலைமையகம் வைத்திருந்ததே முலிண்டி என்ற தேயிலைத் தோட்டத்தில்தான். 1994 ஏப்ரல் 7இல் தொடங்கி சுமார் நூறு நாளில் எட்டு இலட்சம் பேர் கொல்லப்பட்ட தேசம் அது. பெல்ஜியர் காலம் தொட்டு அடையாள அட்டையில் ஹுட்டு, டுட்சி என்று இனம் எழுதப்பட்டிருந்தது. வீதித் தடையில் அட்டையைப் பார்த்துத்தான் யார் சாகவேண்டும் என்று முடிவானது. புதிய அரசு முதலில் செய்த காரியங்களில் ஒன்று, அட்டையிலிருந்து இனத்தை எடுத்தது.

★ அங்கே சிறைகள் நிரம்பி வழிந்தன; நீதிபதிகளில் பலர் உயிரோடு இல்லை. ஆகவே ‘கச்சாச்சா’ என்ற பழைய ஊர்ப் பஞ்சாயத்து முறையைச் சட்டமாக்கினார்கள். ஊராரே தெரிவு செய்த நீதிபதிகள், வழக்கறிஞர் கிடையாது, புல்தரையில் அமர்வு. கொன்றவனும் பிழைத்தவளும் ஒரே மலையில் இருந்தவர்கள், ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துப் பேசவேண்டியிருந்தது. கொன்றதை ஒப்புக்கொண்டு, உடலைப் புதைத்த இடத்தைக் காட்டியவனுக்குத் தண்டனை குறைந்தது. சுமார் 12,000 மன்றங்கள். 2012 ஜூனில் மூடும்போது தீர்ந்த வழக்குகள் ஏறக்குறைய 19 இலட்சம். குறை பெரியது: வென்ற தரப்பின் படையினர் செய்த கொலைகள் அந்த மன்றங்களுக்கு வரவேயில்லை, இன்றும் அங்கே அரசை எதிர்த்துப் பேசுவது ஆபத்து. ஆனாலும் விசாரணையைத் தலைநகரிலிருந்து ஊருக்குக் கொண்டுபோனார்களே, அதை நாம் படிக்கவேண்டும்.

★ கம்போடியாவில் நடந்த படுகொலைகளை விசாரிக்க ஐ.நா. துணையோடு அமைந்த நீதிமன்றம் 2006 முதல் 2022 வரை, 30 கோடி டொலருக்கு மேல் செலவில் தண்டித்தது மூன்று பேரை.

★ 2015இல் ஜெனீவாவில் ஐ.நா. மனித உரிமைகள் பேரவையின் 30/1 தீர்மானத்துக்கு இலங்கையும் இணை அனுசரணை கொடுத்தது. உண்மை ஆணைக்குழு, விசேட நீதிமன்றம், காணாமற்போனோர் அலுவலகம், இழப்பீட்டு அலுவலகம் என்று நான்கு வாக்குறுதிகள். கடைசி இரண்டும் அமைந்தன. 2020இல் இலங்கை அந்த அனுசரணையிலிருந்தே விலகியது.

★ நல்லிணக்கத்தை நான் பார்க்கும் இடம் ஜெனீவாவை விட உள்ளூராட்சி மன்றம்தான். 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டத்தின் 33ஆம் பிரிவைக் காட்டித் தோட்டக் குடியிருப்புகளுக்குச் சபை நிதி மறுக்கப்பட்டு வந்தது. தோட்டத்து மக்கள் வாக்குப் போட்டு உறுப்பினரைத் தெரிவு செய்தார்கள். அந்த உறுப்பினரால் அவர்கள் லயத்துக்குப் போகும் பாதையில் ஒரு வண்டி கல் போட முடியவில்லை. இந்தச் சட்டம் திருத்தப்பட்டது 2018இல். அதே வருடத் தேர்தலுக்கு முன்புவரை நுவரெலியா, அம்பகமுவ பிரதேச சபைகள் ஒவ்வொன்றின் கீழும் இரண்டு இலட்சத்துக்கு மேற்பட்டோர் இருந்தார்கள். இரண்டு ஆறாகி, அக்கரப்பத்தனை, கொட்டகலை, மஸ்கெலியா, நோர்வூட் என்று புதிய சபைகள் வந்தன. 1987இல் சட்டத்தால் செய்ததைச் சட்டத்தால் திருத்த முப்பத்தொரு வருடம்.

★ லயத்துக்குத் தனி முகவரி கிடையாது. தோட்டத்தின் பெயரும் டிவிசனும்தான் முகவரி; கடிதம் தோட்ட ஆபீசுக்கு வரும். ஒரே தோட்டத்தில் நான்கு மகேஸ்வரி இருந்தால் எந்த மகேஸ்வரிக்கு என்று யாருக்கும் தெரியாது. பிரட்டுக்களத்தில் பெயர் கூப்பிடும் அன்று வேலைக்கு வராதவரின் கடிதம் ஆபீஸ் மேசையிலேயே கிடக்கும். நேர்முகப் பரீட்சைக் கடிதம் நாள் கழிந்து கைக்கு வந்த பிள்ளைகள் எங்கள் பக்கம் நிறைய. வீட்டுக்கு ஓர் இலக்கமும் காணிக்கு ஓர் உறுதியும் கொடுக்காத அரசாங்கம் நல்லிணக்க மாநாடு நடத்துவதில் பயனில்லை.

★ ருவாண்டாப் பாராளுமன்றத்தின் கீழ்ச்சபையில் 60 வீதத்துக்கு மேல் பெண்கள். நம் 225 பேர் கொண்ட சபையில் பத்தில் ஒரு பங்கு. ஆனால் 2024 நவம்பரில் ஒரு காரியம் நடந்தது: மலையகத் தமிழ்ப் பெண்கள் முதன்முறையாக அங்கே போனார்கள், நுவரெலியாவிலிருந்து கிருஷ்ணன் கலைச்செல்வி, பதுளையிலிருந்து அம்பிகா சாமுவேல்.

★ வாக்காளர் இடாப்பு வருடாவருடம் திருத்தப்படுகிறது. கிராம உத்தியோகத்தரிடம் போய் உங்கள் பெயரையும், பதினெட்டு முடிந்த பிள்ளையின் பெயரையும் பாருங்கள். இல்லாவிட்டால் போடச் சொல்லுங்கள். வீட்டில் 1977ஐயும் 1983ஐயும் கண்ட அப்பாயி, தாத்தா இருந்தால் அவர்கள் சொல்வதைத் தோட்டத்தின் பெயர், திகதி, போனவர்களின் பெயர் என்று ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். நாளை ஓர் உண்மை ஆணைக்குழு மலை ஏறி வந்தால் அதன் முன் வைக்க நம்மிடம் வாக்குமூலம் இருக்கவேண்டும்.