பதவி உயர்வு வழக்குகள்: நகராட்சி ஊழியர் குடும்பங்கள் அறிய வேண்டியவை

நம் சமுதாயத்தில் நகராட்சியிலோ பேரூராட்சியிலோ வேலை பார்ப்பவர்கள் உள்ள வீடுகளில் அடிக்கடி கேட்கும் புலம்பல் இது: "எனக்குப் பின்னால் சேர்ந்தவர் உதவியாளர் ஆகிவிட்டார், நான் இன்னும் இளநிலை உதவியாளர்தான்." சிலர் நீதிமன்றம் போகிறார்கள். பலர் எதற்கு வம்பு என்று விட்டுவிடுகிறார்கள். இரண்டில் எதைச் செய்வது என்று முடிவெடுக்கும் முன் சட்டம் என்ன சொல்கிறது என்று தெரிந்திருக்க வேண்டும்.

முதலில் ஒரு தவறான எண்ணத்தைக் களைவோம். பதவி உயர்வு பெறுவது அடிப்படை உரிமை அல்ல. தகுதியுள்ளவர் பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்பட வேண்டும் என்பதே உரிமை. ஆகவே "எனக்குத் தரவில்லை" என்ற வழக்கு நிற்காது. "என் பெயரைப் பரிசீலிக்கவே இல்லை", "விதியை மீறி இளையவரைச் சேர்த்தார்கள்" என்ற வழக்குதான் நிற்கும். இதிலேயே பாதிப் பேர் தோற்றுப்போகிறார்கள். துறைத் தேர்வு எழுதாமலோ, தகுதிகாண் பருவம் முடிந்ததற்கான ஆணையைக் கேட்டு வாங்காமலோ இருந்துவிட்டு, பட்டியல் வந்த பிறகு ஓடுவதில் பயனில்லை.

பெரும்பாலான சண்டை பணிமூப்பைப் பற்றியதுதான். தமிழ்நாட்டில் இது பெரிய அளவில் வெடித்தது டி.என்.பி.எஸ்.சி. வழியாகச் சேர்ந்தவர்களின் விஷயத்தில். பணிமூப்பைத் தேர்வு மதிப்பெண் வரிசைப்படி வைப்பதா, இடஒதுக்கீட்டுச் சுழற்சி வரிசைப்படி வைப்பதா என்பதே கேள்வி.

200 இடங்களுக்கு ஆள் எடுப்பதாக வைத்துக்கொள்வோம். 69 சதவீத இடஒதுக்கீடு போக, பொதுப் பிரிவுக்கு 31 சதவீதம், அதாவது 62 இடங்கள். முஸ்லிம்களுக்கான 3.5 சதவீதத்தில் 7 இடங்கள். மதிப்பெண்ணில் முதல் 62 பேர், அவர்களில் நம் பிள்ளைகள் இருந்தாலும், பொதுப் பிரிவு இடங்களில் அமர்வார்கள். ஆனால் அந்த 62 இடங்களும் 200 வரை சிதறிக் கிடக்கின்றன. மதிப்பெண்ணில் 60ஆம் இடம் பெற்றவர் சுழற்சியில் கிட்டத்தட்டக் கடைசிக்குத் தள்ளப்படுவார். மதிப்பெண்ணில் 70ஆம் இடம் பெற்ற இன்னொரு முஸ்லிம் இளைஞர், முஸ்லிம் ஒதுக்கீட்டின் முதல் சுழற்சியில் அவருக்கு வெகு முன்னால் வந்து நிற்பார். அதிக மதிப்பெண் எடுத்ததே குற்றமாகிப் போகும் நிலை இது. சுழற்சி முறை நமக்கு எப்போதும் சாதகம் என்று சிலர் நினைப்பது சரியல்ல. ஒருவருக்கு லாபம், இன்னொருவருக்கு நட்டம். இருவரும் நம் பிள்ளைகளாகவே இருக்கலாம்.

சுழற்சி என்பது ஆள் எடுப்பதற்கு மட்டுமே, பணிமூப்பு மதிப்பெண் வரிசைப்படிதான் என்று சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் அதில் தலையிடவில்லை. உடனே தமிழக அரசு அதே ஆண்டில் அரசுப் பணியாளர் பணிநிபந்தனைச் சட்டத்தைக் கொண்டுவந்து, சுழற்சி முறையை முன்தேதியிட்டு அதில் சேர்த்தது. 2019 நவம்பரில் அந்தப் பிரிவுகளை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. இடையில் பட்டியல்கள் மாறின, உயர்வு பெற்றவர்கள் தங்கள் இடம் நிலைக்குமா என்று தவித்தார்கள்.

இன்னொன்றையும் இங்கே சொல்லிவிட வேண்டும். 2007 முதல் நமக்கிருக்கும் 3.5 சதவீதம் நேரடி நியமனத்துக்கும் கல்விக்கும்தான். பதவி உயர்வில் இடஒதுக்கீட்டை அரசியல் சட்டத்தின் 16(4ஏ) பிரிவு பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் மட்டுமே அனுமதிக்கிறது. அதை நம்பி வழக்குப் போடச் சொல்பவர்களிடம் எச்சரிக்கையாக இருங்கள்.

ஒழுங்கு நடவடிக்கையைக் காரணம் காட்டி உயர்வை நிறுத்தும் வழக்குகள் அடுத்த வகை. குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுக்கப்பட்டிருந்தால், அல்லது குற்ற வழக்கில் குற்றப்பத்திரிகை தாக்கலாகியிருந்தால் மட்டுமே நிறுத்தி வைக்கலாம் என்று 1991இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. "விசாரணை நடக்கிறது" என்று வாய்மொழியாகச் சொல்வது போதாது. எழுத்தில் கேளுங்கள்.

காலம் மிக முக்கியம். இளையவர் தன்னைத் தாண்டி உயர்வு பெற்றால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் நீதிமன்றம் வர வேண்டும் என்று தமிழ்நாட்டுப் பொறியாளர் ஒருவரின் வழக்கில் 1974இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அவர் பதினான்கு ஆண்டு கழித்து வந்தவர். மேலதிகாரிக்கு மனு மேல் மனு அனுப்பிக்கொண்டே இருந்தால் காலக்கெடு நீளும் என்று பலர் நம்புகிறார்கள், நீளாது.

தற்காலிகப் பணிமூப்புப் பட்டியல் சுற்றுக்கு வரும்போதே ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு ஒப்புதல் வாங்கிக்கொள்ள வேண்டும். பட்டியல் கண்ணில் காட்டப்படவில்லை என்றால் தகவல் பெறும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்தில் கேட்கலாம், 30 நாளில் பதில் தர வேண்டும். இப்போது மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இல்லை, ரிட் மனு நேராக உயர் நீதிமன்றத்துக்கோ மதுரைக் கிளைக்கோதான் போகும். யாருடைய உயர்வை எதிர்க்கிறீர்களோ அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். பக்கத்து மேஜைக்காரரை எப்படி வழக்கில் இழுப்பது என்று தயங்கி விட்டுவிட்டால் மனுவே நிற்காமல் போகலாம்.

இடைக்காலத் தடை கேட்கும் முன்பும் யோசியுங்கள். தடை கிடைத்தால் அந்தப் பட்டியலில் உள்ள எல்லோரின் உயர்வும் நிற்கும், பணியிடங்கள் கூடுதல் பொறுப்பில் ஓடும், பிறப்புச் சான்றிதழுக்கு ஊர் மக்கள் அலைவார்கள். உங்கள் ஒரு இடத்தை மட்டும் காலியாக வைக்கும்படியோ, நியமனங்கள் இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவை என்று ஆணையிடும்படியோ கேட்கலாம். வழக்கறிஞரைச் சந்திக்கும்போது நியமன ஆணை, தகுதிகாண் பருவ ஆணை, துறைத் தேர்வு முடிவு, பணிப்பதிவேட்டின் நகல் ஆகியவற்றைக் கையோடு கொண்டு போங்கள்.